காய்ந்த நெல்லுக்கு யார் பொறுப்பு?



சில நாட்களுக்கு முன் எங்கள் பள்ளியில் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு எடைக் கணக்குச் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். ஒரு கடைக்காரர் 100 கிலோ நெல் வாங்கினார், 60 கிலோ விற்றார், மீதி எவ்வளவு என்பது கணக்கு. எல்லாரும் 40 என்று எழுதினார்கள். ஒரு பெண் மட்டும் கையைத் தூக்கினாள். "டீச்சர், அவர் எத்தனை நாள் கழித்து விற்றார்? எங்கள் தாத்தா சொல்வார், ஈரச் சரக்கு இருக்க இருக்க எடை இறங்கும் என்று" என்றாள். வகுப்பே சிரித்தது. நான் சிரிக்கவில்லை. இந்தப் பிள்ளை கேட்ட கேள்வியை வைத்துக்கொண்டுதான் இந்தியாவில் கூட்டுறவுச் சங்கங்களும் அரசாங்க நிறுவனங்களும் நீதிமன்றப் படியேறி நிற்கின்றன.

அந்தத் தாத்தா ரப்பர் மரம் வெட்டியவராகத்தான் இருக்க வேண்டும். ஜாசின், தெபோங், பத்தாங் மலாக்கா பக்கங்களில் பால் தூக்கிய குடும்பத்தார் யாருக்கும் இந்தக் கணக்கை விளக்க வேண்டியதில்லை. காலையில் வாளி நிறையப் பால் கொண்டுபோய் ஸ்டோரில் நிறுத்தினால் அந்த எடை அப்படியே சம்பளப் புத்தகத்தில் ஏறாது. கொஞ்சம் பாலை எடுத்துச் சோதித்து, இதில் காய்ந்த ரப்பர் இத்தனை விழுக்காடு என்று போடுவார்கள். 100 கிலோ பாலில் 30 கிலோ ரப்பர் இருந்தால் நல்ல பால். மீதியெல்லாம் தண்ணீர்தான். பாலுக்குக் கூலி போடும்போது இந்தக் கணக்கில் எத்தனை சண்டை நடந்திருக்கிறது என்பது உங்கள் வீட்டுப் பெரியவர்களுக்குத் தெரியும். நெல்லிலும் தண்ணீர் உண்டு. பாலில் இருக்கும் அளவுக்கு இல்லை. ஆனால் நெல் மலைபோலக் குவியும்போது அந்தக் கொஞ்சத் தண்ணீரே பல லட்சம் ரூபாய் ஆகிவிடுகிறது.

முதலில் அரசாங்கம் ஏன் நெல் வாங்குகிறது என்பதைச் சொல்லிவிடுகிறேன். அறுவடை நேரத்தில் எல்லாருடைய நெல்லும் ஒரே சமயத்தில் களத்துக்கு வரும். வியாபாரி விலையை இறக்குவான். கடன்பட்ட விவசாயி வந்த விலைக்குத் தள்ளிவிடுவான். ஆறு மாதம் கழித்து அதே நெல் அரிசியாகி ஏறிய விலைக்கு விற்கும். இதைத் தடுக்க அரசாங்கம் ஒரு குறைந்தபட்ச விலையை அறிவித்து, அந்த விலைக்குத் தானே வாங்கிக்கொள்கிறது. வாங்கிய நெல் அரைபட்டு நியாய விலைக் கடைக்குப் போகிறது. இந்தியாவில் இதற்கென்றே இந்திய உணவுக் கழகம் 1965 ஜனவரி 14ஆம் தேதி தொடங்கப்பட்டது. அதன் முதல் மாவட்ட அலுவலகம் எங்கே அமைந்தது தெரியுமா? நம்மில் பலருடைய பாட்டன், பூட்டன் கப்பலேறி வந்த சீமையாகிய தஞ்சாவூரில்தான். தமிழ்நாட்டு அரசாங்கம் பின்னர் 1972இல் நுகர்பொருள் வாணிபக் கழகத்தை ஏற்படுத்தியது. அதன் நேரடிக் கொள்முதல் நிலையங்கள் இன்றும் டெல்டா மாவட்டங்களில் குறுவைக்கும் சம்பாவுக்கும் திறக்கப்படுகின்றன. 2025-26ஆம் ஆண்டுப் பருவத்துக்கு மத்திய அரசு சாதாரண நெல் குவிண்டாலுக்கு 2,369 ரூபாய் என்று விலை வைத்தது. தமிழ்நாடு அதோடு 131 ரூபாய் ஊக்கத்தொகை சேர்த்து 2,500 ரூபாய் ஆக்கியது. குவிண்டால் என்றால் 100 கிலோ.

அரசாங்கத்தின் கை ஒவ்வொரு கிராமத்துக்கும் நீளாது. அங்கேதான் கூட்டுறவுச் சங்கம் வருகிறது. கூட்டுறவு என்றால் தோட்டத்து மக்களுக்குப் புதிதல்ல. 1960இல் வீ. தி. சம்பந்தன் அவர்கள் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கியபோது பத்துப் பத்து வெள்ளியாகக் கட்டிப் பங்கு சேர்த்தவர்கள் நம் தாய் தகப்பன்மார். சங்கத்துக்கு நட்டம் வந்தால் அது யார் மடியில் கைவைக்கும் என்பது அவர்களுக்குத் தெரியும். இந்தியாவிலும் அப்படியே. கிராமத்துத் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுச் சங்கம் என்பது அந்த ஊர் விவசாயிகளின் சொத்து.

இப்போது நம் பிள்ளை கேட்ட கணக்குக்கு வருவோம். இந்திய அரசின் விதிப்படி வாங்கும் நெல்லில் ஈரப்பதம் 17 விழுக்காட்டுக்கு மேல் இருக்கக் கூடாது. சரியாக 17 உள்ள 100 கிலோ நெல்லை எடுத்துக்கொள்வோம். அதில் தண்ணீர் 17 கிலோ, காய்ந்த பண்டம் 83 கிலோ. இந்த நெல் வெயிலிலும் காற்றிலும் கிடந்து 14 விழுக்காட்டுக்கு இறங்கினால் என்ன ஆகும்? பண்டம் அதே 83 கிலோதான். ஆனால் மொத்த எடை 96 கிலோவும் அரையுமாகக் குறைந்துவிடும். மூன்றரைக் கிலோவை யாரும் திருடவில்லை, எலியும் தின்னவில்லை. காற்று கொண்டுபோயிற்று.

100 கிலோவில் மூன்றரை என்றால் சின்ன விஷயம்தான். ஒரு சங்கம் 40 கிலோ மூட்டையாக 10,000 மூட்டை வாங்கி அடுக்கியிருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். மொத்தம் 400 டன். அது காய்ந்தால் ஏறக்குறைய 14 டன் எடை போய்விடும். குவிண்டால் 2,369 ரூபாய் என்றால் 3 லட்சத்து 30 ஆயிரம் ரூபாய். அந்தச் சங்கத்துக்குக் கமிஷனாகக் கிடைப்பது குவிண்டாலுக்குச் சில பத்து ரூபாய்தான்.

அதற்கு மேல் ஈரம் இருந்தால் இன்னும் மோசம். 2025 அக்டோபரில் டெல்டா மாவட்டங்களில் மழை பிடித்துக்கொண்டு குறுவை நெல் நனைந்து கிடந்தபோது, 22 விழுக்காடு ஈரம் வரை வாங்க அனுமதிக்கும்படி தமிழ்நாட்டு அரசு மத்திய அரசைக் கேட்டது. விவசாயிக்கு அது பெரிய உதவி என்பதில் சந்தேகமில்லை. ஆனால் 22 விழுக்காடு ஈரத்தோடு வாங்கிய 100 கிலோ, 14க்கு இறங்கும்போது 91 கிலோகூட இருக்காது. அந்த 9 கிலோவை யார் கணக்கில் எழுதுவது என்ற கேள்வி கூடவே வருகிறது.

இந்த வழக்கு மிக வெளிப்படையாகத் தெரிவது தமிழ்நாட்டில் அல்ல, சத்தீஸ்கர் என்ற மாநிலத்தில். மத்தியப் பிரதேசத்திலிருந்து 2000ஆம் ஆண்டு நவம்பரில் பிரிந்த மாநிலம் அது. நெல்லைத் தவிர வேறு பெரிய பயிர் கிடையாது என்று சொல்லத்தக்க பூமி. அங்கே அரசாங்கத்துக்கான நெல் முழுவதையும் கிராமத்துக் கூட்டுறவுச் சங்கங்களே வாங்குகின்றன. யாருக்காக வாங்குகின்றன? மாநிலக் கூட்டுறவு விற்பனை இணையத்துக்காக. அதை அங்கே மார்க்ஃபெட் என்பார்கள். சங்கம், மாவட்ட மத்தியக் கூட்டுறவு வங்கி, மார்க்ஃபெட் ஆகிய மூவரும் ஒவ்வொரு பருவமும் ஒரு முத்தரப்பு ஒப்பந்தத்தில் கையெழுத்திடுகிறார்கள்.

நவம்பர் நடுவில் கொள்முதல் தொடங்கும். விவசாயிகள் டிராக்டரில் நெல்லைக் கொண்டுவருவார்கள். சங்கம் ஈரம் பார்த்து, நிறுத்து, சாக்கில் போட்டுத் தைத்து அடுக்கும். விவசாயிக்கு வங்கி வழியாகப் பணம் போய்விடும். ஆலைக்காரரோ லாரியோ வந்து நெல்லைத் தூக்கிக்கொண்டு போக வேண்டியது மார்க்ஃபெட்டின் பொறுப்பு. சங்கத்தில் குறிப்பிட்ட அளவுக்கு மேல் நெல் சேர்ந்தால் 72 மணி நேரத்துக்குள் தூக்க வேண்டும் என்று முன்பு விதியும் இருந்தது. 72 மணி நேரம் என்பது மூன்று நாள். ஆனால் மூன்று வாரமாகும், சில இடங்களில் மூன்று மாதமுமாகும். களத்தில் நெல் காயும். நவம்பரில் 17 ஆக இருந்த ஈரம் மார்ச்சு வெயிலில் எங்கே இருக்கும்? அதை அங்கத்து மக்கள் சூகத் என்று ஒரே சொல்லில் சொல்கிறார்கள். உலர்வு என்று பொருள்.

கடைசியில் லாரி வருகிறது. நெல்லை நிறுக்கிறார்கள். வாங்கிய எடைக்கும் அனுப்பிய எடைக்கும் இடையில் பள்ளம். இந்தப் பள்ளத்துக்குச் சங்கமே பொறுப்பு என்று ஒப்பந்தத்தைக் காட்டி அதன் கமிஷனில் பிடித்துக்கொள்கிறார்கள். சங்கத்து மேலாளர் மீது போலீசில் புகார் போனதும் உண்டு. சங்கங்கள் பிலாஸ்பூரில் உள்ள உயர் நீதிமன்றத்துக்குப் போகின்றன: "நெல்லை உடனே தூக்கச் சொல்லுங்கள், தாமதத்தால் வந்த குறைவை எங்கள் தலையில் கட்டாதீர்கள்" என்று. 2024 நவம்பரில் சங்க ஊழியர்கள் கொள்முதல் தொடங்கும் நேரம் பார்த்து வேலைநிறுத்தமே செய்தார்கள். அவர்கள் கோரிக்கைகளில் உலர்வுக்குத் தள்ளுபடி வேண்டும் என்பதும் ஒன்று.

மார்க்ஃபெட் பக்கத்திலும் ஒரு நியாயம் இருக்கிறது என்பதைச் சொல்லாவிட்டால் நான் ஒருதலையாகப் பேசியவளாவேன். குறைவு என்று எழுதும் எல்லா இடத்திலும் காற்றுதான் குற்றவாளி என்பதில்லை. வராத நெல்லை வந்ததாக எழுதிப் பணம் எடுத்துவிட்டு, பின்னால் "காய்ந்துவிட்டது" என்று சொன்ன இடங்களும் அகப்பட்டிருக்கின்றன. மூன்று விழுக்காட்டைத் தள்ளிக் கொடுத்தால் அந்த மூன்றையும் திருடுகிறவன் ஒருவன் இருப்பான் என்பது கணக்குத் துறைக்காரர்களின் பயம். காய்ந்த மூன்றரைக் கிலோவும் கடத்திய மூன்றரைக் கிலோவும் தராசில் ஒரே மாதிரிதான் தெரியும். சட்டச் சிக்கல் பிறக்கும் இடம் அதுவே.

சட்டம் என்ன சொல்கிறது? கொஞ்சம் பொறுமையாகக் கேளுங்கள், இது நம் நாட்டுக்கும் பொருந்தும்.

இந்தியாவில் 1930ஆம் ஆண்டின் சரக்கு விற்பனைச் சட்டம் என்று ஒன்று இருக்கிறது. அதன் 26ஆம் பிரிவு சொல்வது இதுதான்: பொருளின் உரிமை யாரிடம் இருக்கிறதோ, நட்டமும் அவருடையதே. உரிமை கை மாறினால் நட்டமும் கூடவே மாறும், பொருள் இன்னும் விற்றவர் களத்திலேயே கிடந்தாலும் சரி. அதே பிரிவில் இன்னொரு வாசகமும் உண்டு. வாங்குகிறவரோ விற்கிறவரோ ஒருவருடைய தவறால் சரக்கு ஒப்படைப்பது தாமதப்பட்டால், அந்தத் தவறு நடந்திராவிட்டால் வந்திருக்காத நட்டத்தைத் தவறு செய்தவரே ஏற்க வேண்டும். லாரி அனுப்பாதவர் தலையில் விழும் என்று பொருள்.

நம் நாட்டில் 1957ஆம் ஆண்டின் சரக்கு விற்பனைச் சட்டத்திலும் இதே 26ஆம் பிரிவு, ஏறக்குறைய இதே சொற்களில் இருக்கிறது. வேடிக்கை என்னவென்றால், அந்தச் சட்டம் முதலில் மலாய் மாநிலங்களுக்கு மட்டுமே இருந்தது. பழைய நீரிணைக் குடியேற்றங்களாகிய மலாக்காவுக்கும் பினாங்குக்கும் அது 1990இல்தான் வந்து சேர்ந்தது. அதுவரை நம் மலாக்காக் கடைத்தெருவில் கடலை விற்றவருக்கும் இங்கிலாந்துச் சட்டம்.

சரி, அரசாங்கம் விலையையும் தானே வைத்து, யாரிடம் விற்க வேண்டும் என்பதையும் தானே சொன்னால், அதை விற்பனை என்று சொல்லலாமா? விருப்பம் இல்லாத இடத்தில் விற்பனை ஏது? இந்தக் கேள்வி இந்திய உச்ச நீதிமன்றத்தை வெகு காலம் அலைக்கழித்தது. 1962இல் ஒரு சர்க்கரை ஆலை வழக்கில், அரசு ஆணைப்படி கொடுத்தது விற்பனை ஆகாது என்று பெரும்பான்மை நீதிபதிகள் சொன்னார்கள். நீதிபதி ஹிதாயதுல்லா ஒருவர் மட்டும் மாறுபட்டார். 1977 டிசம்பரில் விஷ்ணு ஏஜென்சீஸ் வழக்கில் ஏழு நீதிபதிகள் உட்கார்ந்து, அந்த ஒருவர் சொன்னதே சரி என்று தீர்ப்பளித்தார்கள். ஆந்திர மாநிலத்து நெல், அரிசிக் கொள்முதல் ஆணைகளும் அந்த வழக்கில் சேர்ந்திருந்தன. கட்டுப்பாட்டுக்குள் நடந்தாலும் விற்பனை விற்பனையே என்று முடிவாயிற்று. அன்றைக்கு அது விற்பனை வரிக்காக நடந்த வழக்கு. ஆனாலும் அரசாங்கம் வாங்குகிறவராக வரும்போது அவரையும் வாங்குகிறவராகவே பார்க்கலாம் என்ற எண்ணத்துக்கு அது ஒரு துணை.

சத்தீஸ்கர் சங்கத்தின் நிலைமை இன்னும் நுட்பமானது. சங்கம் தனக்காக நெல் வாங்கவில்லை, மார்க்ஃபெட்டின் முகவராக வாங்குகிறது. விவசாயி சாக்கைக் கொடுத்த நிமிடத்திலேயே நெல் மார்க்ஃபெட்டுடையது. அப்படியானால் சங்கம் பிறர் பொருளைக் காத்து வைத்திருக்கும் ஆள். பக்கத்து வீட்டுக்காரர் ஊருக்குப் போகும்போது உங்களிடம் கொடுத்துவிட்டுப் போன சைக்கிள் மாதிரி. இதற்கு 1872ஆம் ஆண்டின் இந்திய ஒப்பந்தச் சட்டம் விடை வைத்திருக்கிறது. புத்தியுள்ள சாதாரண மனிதன் தன் பொருளை எப்படிப் பார்த்துக்கொள்வானோ அப்படிப் பார்த்துக்கொண்டால் போதும். அதற்கு மேலும் பொருள் கெட்டாலோ குறைந்தாலோ காத்தவர் பொறுப்பல்ல. நம் நாட்டு 1950ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்திலும் 104, 105ஆம் பிரிவுகள் இதையே சொல்கின்றன.

ஆனால் சட்டத்தில் ஒரு சின்னக் கதவைத் திறந்து வைத்திருக்கிறார்கள்: "வேறு சிறப்பு ஒப்பந்தம் இல்லாவிட்டால்" என்று. சங்கத்தின் கழுத்தைப் பிடிப்பது இதுதான். குறைவுக்கெல்லாம் சங்கமே பொறுப்பு என்று ஒப்பந்தத்தில் எழுதியிருக்கிறதே! கையெழுத்துப் போட்டிருக்கிறீர்களே! போடாமல் என்ன செய்வது? போடாவிட்டால் அந்த ஊர் விவசாயிகள் நெல்லை எங்கே கொண்டுபோவார்கள்? அதே தாளில் குறிப்பிட்ட நாளுக்குள் தூக்க வேண்டும் என்றும் இருக்கிறது. ஆகவே ஒரே ஒப்பந்தத்தை வைத்துக்கொண்டு ஒருவர் ஒரு வரியைக் காட்டுகிறார், மற்றவர் இன்னொரு வரியைக் காட்டுகிறார்.

இதில் எந்த வாசலில் போய்த் தட்டுவது என்பதே ஒரு வழக்கு. உயர் நீதிமன்றத்தில் நீதிப்பேராணை மனு போட்டால் விரைவாக விசாரிப்பார்கள். அரசாங்க நிறுவனம் தன்னிச்சையாக நடந்தால் தட்டிக் கேட்பார்கள். 1990களின் தொடக்கத்தில் இந்திய உணவுக் கழகத்துக்கும் ஒரு மாட்டுத்தீவன நிறுவனத்துக்கும் நடந்த வழக்கில், அரசு நிறுவனம் வியாபாரம் செய்தாலும் நியாயமாகத்தான் நடக்க வேண்டும், தனியார் வியாபாரியைப் போல மனம்போனபடி நடக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. அந்த வழக்கில் வென்றது உணவுக் கழகம்தான், ஆனாலும் சொன்ன சொல் நிலைத்துவிட்டது. ஆனால் எத்தனை மூட்டை வந்தது, எத்தனை நனைந்தது, எத்தனை காய்ந்தது என்று சாட்சி வைத்து அளக்க வேண்டிய சங்கதியானால், அது இந்த மன்றத்தின் வேலை அல்ல என்று பெரும்பாலும் திருப்பி அனுப்பிவிடுவார்கள். கூட்டுறவுப் பதிவாளரிடம் போகலாம். சத்தீஸ்கரில் அதற்குச் சட்டத்தின் 64ஆம் பிரிவு, தமிழ்நாட்டில் 1983ஆம் ஆண்டுச் சட்டத்தின் 90ஆம் பிரிவு. பதிவாளரோ அரசாங்க அதிகாரி. நெல் வாங்குகிறதும் அரசாங்கம், பஞ்சாயத்துச் சொல்கிறதும் அரசாங்கம் என்றால் சங்கத்துக்காரர்களுக்குக் கொஞ்சம் மனக்குறை இருக்கத்தானே செய்யும்.

இனி நான் கண்ணால் பார்த்த ஒன்றைச் சொல்கிறேன். என் பாட்டனார் ஊர் மன்னார்குடிப் பக்கம். அங்கே என் சித்தப்பா மகன், எனக்குத் தம்பி முறை, ஒரு சங்கத்தில் செயலாளராக இருந்தான். ஊர்ப் பெயரும் சங்கத்தின் பெயரும் வேண்டாம். அரசுக்காக அந்தச் சங்கம் ஒரு வருடம் 6,000 மூட்டை நெல் வாங்கியது. கிடங்கு இல்லை. பனந்தோப்புக்குப் பக்கத்தில் களத்தில் அடுக்கித் தார்ப்பாய் போட்டு மூடினார்கள். பத்து நாளில் வருகிறேன் என்ற லாரி ஐம்பது நாள் கழித்து வந்தது. எடை போட்டால் 9 டன் குறைவு. ஒன்றரை லட்சம் ரூபாய்க்கு மேல். தண்டத் தீர்வை என்று ஒரு நோட்டீசு அவன் பெயருக்கு வந்தது. சங்கத்துக்கு வந்த நட்டத்தை அதற்குக் காரணமானவரிடம் பிடிக்கும் நடவடிக்கைக்கு அப்படிப் பெயர்.

நான் போயிருந்தபோது வீட்டில் யாரும் சரியாகச் சாப்பிடவில்லை. ஓய்வு பெற ஒரு வருடம்தான் இருந்தது. பணம் கட்டாவிட்டால் ஓய்வூதியப் பணத்தில் கைவைப்பார்கள். அவன் பெண்சாதி கழுத்துச் சங்கிலி அடகுக்குப் போயிருந்தது. அதைவிடப் பெரிய வேதனை, கடைத்தெருவில் "நெல்லைத் தின்றவன்" என்று காதுபடப் பேசியது. "அக்கா, நான் தின்றிருந்தால் இந்த வீட்டு ஓடு இப்படி ஒழுகுமா?" என்று கேட்டான். நான் என்ன சொல்வேன்?

ஆனால் ஒன்று. அவன் நல்ல பழக்கமுள்ளவன். மூட்டை அடுக்கிய நாளிலிருந்து வாரம் இரண்டு முறை ஈரமானியில் பார்த்து ஒரு நோட்டில் எழுதி வைத்திருந்தான். முதல் நாள் 17. ஐம்பதாம் நாள் 14. லாரி கேட்டு அனுப்பிய கடிதங்களின் நகல் ஏழு, பெற்றுக்கொண்ட முத்திரையோடு. நானும் அவனும் திண்ணையில் உட்கார்ந்து கணக்குப் போட்டோம். 240 டன், 17லிருந்து 14க்கு இறங்கினால் 8 டன்னும் ஏறக்குறைய 370 கிலோவும் காற்றோடு போகும். 9 டன்னில் அதைக் கழித்தால் விளக்க வேண்டியது 630 கிலோ. எலி, சிந்தல், சாக்குக் கிழிசல்.

தமிழ்நாட்டுச் சட்டத்தின் 87ஆம் பிரிவில் ஒரு சொல் இருக்கிறது. நட்டம் வந்தது என்பது மட்டும் போதாது. நம்பிக்கை மோசடியாலோ வேண்டுமென்றே காட்டிய அசட்டையாலோ வந்தது என்று காட்ட வேண்டும். அந்த "வேண்டுமென்றே" என்ற சொல்லைச் சென்னை உயர் நீதிமன்றம் பல வழக்குகளில் அழுத்திச் சொல்லியிருக்கிறது. வெறும் கவனக்குறைவுகூடப் போதாது என்றிருக்கிறது. அப்படியிருக்க நெல் காய்வது எப்படி அசட்டையாகும்? அவன் கூட்டுறவுத் தீர்ப்பாயத்துக்கு மேல்முறையீடு செய்தான். அங்கே நீதிபதியாக இருப்பவர் மாவட்ட நீதிபதி. உத்தரவு ரத்தாயிற்று. ஆனால் நான்கு வருடம் பிடித்தது. அதற்குள் அவன் ஓய்வு பெற்றிருந்தான், சங்கிலியும் மூழ்கிப் போயிருந்தது.

களத்தில் எடை போடும் இடத்திலேயே கை நீட்டுகிறவர்களும் உண்டு என்பதை மறைக்கக் கூடாது. 2020 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, கொள்முதல் நிலையங்களில் விவசாயியிடம் மூட்டைக்கு இத்தனை என்று லஞ்சம் வாங்குவதைப் பிச்சை எடுப்பதற்கு ஒப்பிட்டுக் கடுமையாகப் பேசியது. மழையில் மூட்டைகள் முளைத்துக் கிடப்பதைப் பற்றி வந்த பொதுநல வழக்கு அது.

கேரளாவில் இன்னொரு மாதிரி. பாலக்காட்டிலும் குட்டநாட்டிலும் மாநில அரசின் சப்ளைக்கோ நிறுவனத்துக்கு நெல் கொடுக்கும் விவசாயிக்கு ஒரு ரசீது தருவார்கள். அந்த ரசீதை வங்கியில் கொடுத்தால் பணம் கிடைக்கும். விலையாக அல்ல, கடனாக! தன் நெல்லைக் கொடுத்துவிட்டுத் தன் பெயரிலேயே கடன்காரன் ஆகிறான் விவசாயி. சப்ளைக்கோ வங்கிக்குத் திருப்பிக் கட்டினால் கடன் தீரும். தாமதித்தால் அவன் பெயர் வங்கி ஏட்டில் கெடும். 2023இல் நிலுவைத் தொகைக்காக விவசாயிகள் கேரள உயர் நீதிமன்றம் வரை போய் உத்தரவு வாங்க வேண்டியிருந்தது. நெல் கொடுத்த கைக்குக் காசு வர நீதிமன்ற ஆணையா என்று கேட்கத் தோன்றுகிறது.

நம் நாட்டிலும் இந்தக் கதை இல்லாமலில்லை. 1949இலேயே நெல்லுக்கு உத்தரவாதக் குறைந்தபட்ச விலை வந்துவிட்டது. 1971இல் தேசிய நெல் அரிசி வாரியம் அமைந்தது. விவசாயிகள் கழகங்கள் அதன் கொள்முதல் முகவர்களாக இருந்தன. 1980 ஜனவரி 23ஆம் தேதி அலோர் ஸ்டாரில் கெடா நெல் விவசாயிகள் ஆயிரக்கணக்கில் திரண்டார்கள். பிக்கலுக்கு இரண்டு வெள்ளி மானியத்தை ரொக்கமாகக் கொடுக்காமல் கூப்பன் சீட்டாகக் கொடுத்ததுதான் காரணம். கண்ணீர்ப் புகை வீசினார்கள், பலரைப் பிடித்துப் போனார்கள். ஆனாலும் கூப்பன் போயிற்று. அதே வருடத்தில் மானியம் பிக்கலுக்குப் பத்து வெள்ளியாகி ரொக்கமாயிற்று. ஒரு பிக்கல் என்பது 60 கிலோவுக்குச் சற்று மேல். வாரியத்தின் வேலையைப் பின்னர் பெர்னாஸ் ஏற்று, 1996இல் அது தனியார்மயமானது.

இப்போது வடக்கே விவசாயிகள் அடிக்கடி முறையிடுவது எடைக் கழிவைப் பற்றித்தான். லாரியை ஆலையில் நிறுத்தியதும் ஈரம், பதர், தூசி என்று 100க்கு இத்தனை கழித்து எழுதுகிறார்கள். 2025 ஜனவரி 16 முதல் நெல்லின் தரை விலை டன்னுக்கு 1,500 வெள்ளி. மானியம் 2024இலிருந்து டன்னுக்கு 500 வெள்ளி. இரண்டும் கழிவு போன எடைக்குத்தான் கிடைக்கும். ஆகவே 20 விழுக்காடு கழித்தால் ஒரு டன்னுக்கு 2,000 வெள்ளி வர வேண்டிய இடத்தில் 1,600 வரும். ஈரத்துக்குக் கழிப்பது முறைதான், நம் ஸ்டோரிலும் கழித்தார்கள். ஈரம் 20 என்று யார் பார்த்தது, எந்தக் கருவியில் பார்த்தது, அந்தக் கருவியைக் கடைசியாக எப்போது சரிபார்த்தார்கள் என்பதுதான் விவசாயி கேட்கும் கேள்வி. பாலுக்குள் கோலை மிதக்கவிட்டு எண்ணை வாசித்தபோது நம் பெரியவர்கள் கேட்ட கேள்வியும் அதுதான்.

அந்தப் பெண்ணின் விடைத்தாளில் நான் இரண்டு மதிப்பெண் கூடப் போட்டேன். தலைமையாசிரியர் ஏன் என்று கேட்டார். அவருக்கும் இதே கதையைச் சொல்ல வேண்டியதாயிற்று.